தவறு யாருடையது என்று கேட்காத சட்டம்
(மோட்டார் விபத்து மரணங்களுக்கான ஈட்டுத் தொகை: ஒரு வரலாற்றுப் பார்வை)

மலருக்கு ஒரு கட்டுரை வேண்டும் என்று சங்கத்துச் செயலாளர் கேட்டபோது, "நான் என்ன பண்டிதனா?" என்றுதான் முதலில் சொன்னேன். நம் மலரில் எழுதுகிறவர்கள் பெரும்பாலும் பேராசிரியப் பெருமக்கள். கல்வெட்டு, சங்க இலக்கியம், வேணாட்டு வரலாறு என்று எழுதுவார்கள். நானோ வஞ்சியூர் கோர்ட்டு வளாகத்தில் முப்பத்தெட்டு ஆண்டுகள் வக்கீல் குமாஸ்தாவாக இருந்தவன். "உங்களுக்குத் தெரிந்ததை எழுதுங்கள், போதும்" என்றார். எனக்குத் தெரிந்தது விபத்து வழக்குகள்தான். மலையாளிகள் 'நஷ்டபரிஹாரம்' என்று சொல்லும் ஈட்டுத் தொகைக்கும் ஒரு வரலாறு உண்டு. அதில் நம் ஊருக்கும் பங்கு உண்டு. என் குடும்பத்துக்கும் அதில் ஒரு பக்கம் இருப்பதால், அங்கிருந்தே தொடங்குகிறேன்.

1. ஒரு விடியற்காலை

என் தகப்பனார் நாகர்கோவில் பக்கத்துக் கிராமத்திலிருந்து பிழைப்புக்காகத் திருவனந்தபுரம் வந்தவர். சாலைக் கடைத்தெருவில் ஒரு மொத்த வியாபாரக் கடையில் கணக்கெழுதினார். 1973ஆம் ஆண்டு ஒரு விடியற்காலை, கடை திறக்க நடந்து போனவர் மேல் ஒரு லாரி மோதியது. ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே உயிர் போய்விட்டது. எனக்கு அப்போது பதினான்கு வயது. எனக்குக் கீழே இரண்டு தங்கைகள்.

பார்த்த சாட்சி என்று இருந்தவர் ஒரு டீக்கடைக்காரர் மட்டும்தான். அவர் உண்மையைச் சொன்னார்: "சத்தம் கேட்டுத்தான் திரும்பிப் பார்த்தேன்." எப்படி மோதியது என்று அவருக்குத் தெரியாது. அப்பா திடீரென்று குறுக்கே வந்தார் என்றார் லாரி டிரைவர். அதை மறுத்துச் சொல்லக்கூடிய ஒரே மனிதர் இறந்துபோயிருந்தார். கிரிமினல் கேசில் டிரைவர் விடுதலையானார். ஈட்டுத் தொகை கேட்டுப் போட்ட மனு நான்கு வருஷம் நடந்து, 1977இல் தள்ளுபடியானது. எந்தக் கோர்ட், எந்தக் கம்பெனி என்பதெல்லாம் இங்கே வேண்டாம். அன்றிருந்த சட்டப்படி அது சரியான தீர்ப்புதான்.

கோர்ட்டை விட்டு வெளியே வந்ததும் அம்மா என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்று: "டிரைவர் மேல குத்தம் இல்லன்னா, அப்பம் உங்க அப்பா மேலதான் குத்தம்னு எழுதிட்டாங்களா மக்களே?"

பணம் வரவில்லை என்பதைவிட இந்தக் கேள்விதான் அவளை வாட்டியது. தவறு 'நிரூபிக்கப்படவில்லை' என்று சட்டம் சொல்வது வேறு, தவறு இல்லை என்பது வேறு என்று வக்கீல் விளக்கினார். அது அவள் மனதில் ஏறவில்லை. அதே வக்கீலிடம் அந்த வருஷமே நான் எடுபிடியாகச் சேர்ந்து, பிறகு குமாஸ்தா ஆனேன்.

2. தேர்க்காலும் கன்றும்

வாகனம் மோதி உயிர் போன வழக்கு நம் மரபுக்குப் புதிதல்ல. திருவாரூரில் சோழ இளவரசனின் தேர்க்காலில் பசுங்கன்று மாட்டிய கதையைச் சிலப்பதிகாரம் குறிப்பிடுகிறது; பெரியபுராணம் விரித்துச் சொல்கிறது. சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் மனுநீதிச் சோழனுக்குச் சிலையும் உண்டு. பெரியபுராணத்தின்படி இளவரசன் வேண்டுமென்று கன்றின் மேல் தேரை ஏற்றவில்லை. அவன் அறியாமல் கன்றுதான் துள்ளி ஓடி வந்து விழுந்தது. இன்றைய டிரைவர் சொல்லும் அதே வாதம்! மந்திரிகளும் பிராயச்சித்தம் போதும் என்றார்கள். அரசன் அதை ஏற்கவில்லை.

ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அரசன் கொடுத்தது தண்டனை. கன்றை இழந்த தாய்ப்பசுவுக்கு என்ன கிடைத்தது? இறைவன் வந்து கன்றை எழுப்பியதால் கதை சுபமாக முடிந்தது. கோர்ட்டுக்கு வரும் குடும்பங்களுக்கு அப்படி யாரும் வருவதில்லை. ஆகவே, யாரைத் தண்டிப்பது என்ற கேள்வியையும், மிஞ்சியவர்கள் எப்படிச் சாப்பிடுவது என்ற கேள்வியையும் தனித்தனியாக வைக்க வேண்டும். சட்டம் இதைப் புரிந்துகொள்ள வெகுகாலம் ஆனது.

பழைய ஆங்கிலச் சட்டத்தில், ஒருவரின் மரணத்துக்காக அவர் குடும்பம் ஈடு கேட்கவே வழியில்லை. காயம்பட்டவன் கேட்கலாம், செத்தால் கேட்க ஆளில்லை. ரயில் ஓடத் தொடங்கிய காலத்தில், 1846இல், இங்கிலாந்தில் இதை மாற்றினார்கள். 1855இல் இந்தியாவுக்கும் அதே மாதிரி மரண விபத்துச் சட்டம் வந்தது. ஆனால் எதிராளியின் கவனக்குறைவை நிரூபித்தாக வேண்டும் என்ற நிபந்தனை கூடவே வந்தது.

தொழிலாளர்களுக்கு மட்டும் இந்த நிபந்தனை சீக்கிரமே தளர்ந்தது. 1923ஆம் ஆண்டின் தொழிலாளர் நஷ்டஈட்டுச் சட்டத்தின்படி, வேலையின்போது தொழிலாளி இறந்தால், முதலாளியின் தவறை நிரூபிக்காமலே குடும்பத்துக்கு ஈடு உண்டு. இதனால் ஒரு விசித்திரம் நேர்ந்தது. ஒரே லாரி கவிழ்ந்து அதன் கிளீனரும் ரோட்டில் நடந்தவரும் இறந்தால், கிளீனர் குடும்பம் தவறை நிரூபிக்க வேண்டாம். நடந்துபோனவர் குடும்பம் நிரூபித்தே ஆக வேண்டும்.

3. நம் ஊர்ச் சாலையும் இன்ஷூரன்சும்

திருவிதாங்கூர் அரசின் போக்குவரத்துத் துறையை 1938 பிப்ரவரி 20 அன்று ஸ்ரீசித்திரைத் திருநாள் மகாராஜா தொடங்கி வைத்தார். லண்டன் போக்குவரத்து நிறுவனத்தில் பணியாற்றிய சால்டர் என்ற ஆங்கிலேயர் அதன் பொறுப்பாளர். திருவனந்தபுரத்துக்கும் கன்னியாகுமரிக்கும் இடையே அந்த பஸ்கள் ஓடின. நம்மில் பலருடைய தாத்தாக்கள் அந்த வழியாகத்தான் இந்த ஊருக்கு வந்து சேர்ந்தார்கள். 1965இல் அந்தத் துறை கேரள மாநிலச் சாலைப் போக்குவரத்துக் கழகமாயிற்று.

இன்ஷூரன்ஸ் அதற்கும் முன்னரே இங்கு வந்துவிட்டது. ஸ்ரீமூலம் திருநாள் ஆட்சியில் 1898இல் அரசு ஊழியர்களுக்காகத் தொடங்கிய ஆயுள் இன்ஷூரன்ஸ் திட்டமே இன்றைய கேரள மாநில இன்ஷூரன்ஸ் துறையின் வேர். அதன் தலைமையகம் இன்றும் திருவனந்தபுரத்தில்தான். பிற்காலத்தில் வாகன இன்ஷூரன்சும் அதன் வேலைகளில் ஒன்றானது.

பிரிட்டிஷ் இந்தியாவின் 1939ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் மூன்றாம் நபருக்கான இன்ஷூரன்சைக் கட்டாயமாக்கியது. அந்தப் பகுதி 1946 ஜூலை 1 முதல்தான் நடைமுறைக்கு வந்தது. 1956ஆம் ஆண்டுத் திருத்தத்தால் விபத்து வழக்குகளுக்கென்றே தனித் தீர்ப்பாயங்கள் வந்தன. ஆக, பணம் கொடுக்கக் கம்பெனி இருந்தது, விசாரிக்கத் தீர்ப்பாயமும் இருந்தது. 'தவறை நிரூபி' என்ற பூட்டு மட்டும் கதவில் அப்படியே தொங்கியது.

4. பாலக்காட்டு நீதிபதியின் குரல்

அந்தப் பூட்டை உரக்கத் தட்டியவர்களில் முக்கியமானவர் நீதியரசர் வி.ஆர்.கிருஷ்ணய்யர் அவர்கள். பாலக்காட்டை அடுத்த வைத்தியநாதபுரத்தில் 1915இல் பிறந்தவர். வீட்டில் பேசியது தமிழ். தலச்சேரியில் வக்கீலாக இருந்தார். 1952இல் சென்னைச் சட்டமன்றத்திலும் 1957இல் கேரளச் சட்டமன்றத்திலும் உறுப்பினர். ஈ.எம்.எஸ். அமைச்சரவையில் அமைச்சராகத் திருவனந்தபுரத்தில் இருந்தவர். 1968இல் கேரள உயர் நீதிமன்ற நீதிபதியானார்.

அங்கே அவர் முன் வந்த ஒரு விபத்து வழக்கில் எதிர்த்தரப்பில் இருந்தவர் 'ஸ்டேட் இன்ஷூரன்ஸ் ஆபீசர்', அதாவது நான் மேலே சொன்ன துறையின் அதிகாரி. 1971ஆம் ஆண்டு சட்ட அறிக்கைகளில் வெளியான அந்தத் தீர்ப்பில் அவர் சொன்னதன் சாரம் இதுதான்: வண்டி ஓட்டியவரின் கவனக்குறைவை நிரூபிப்பது பாவப்பட்டவர்களுக்கு எவ்வளவு கஷ்டம் என்பதைப் பார்க்கும்போது, மனிதாபிமானம் கருதி இன்ஷூரன்ஸ் தரப்பின் மீதே முழுப் பொறுப்பையும் சுமத்த வேண்டும். அது தீர்ப்பின் கட்டளை அல்ல, ஒரு நீதிபதியின் வேண்டுகோள். என் அம்மாவுக்காக எங்கள் வக்கீல் இதைத்தான் எடுத்து வைத்து வாதாடினார்.

உலகத்தில் வேறு இடங்களிலும் இதே யோசனை அப்போது நடந்துகொண்டிருந்தது. கனடாவின் சஸ்காட்செவன் மாகாணம் 1946லேயே தவறு பாராமல் ஈடு தரும் வாகன இன்ஷூரன்சைக் கொண்டுவந்தது. நியூசிலாந்து இன்னும் ஒரு படி மேலே போய், 1974 ஏப்ரல் முதல் எந்த விபத்தானாலும் சமூகமே ஈடு செய்யும் ஏற்பாட்டைத் தொடங்கியது. நம் நாட்டிலும் சட்ட ஆணையம் 1972இல், மோதிவிட்டு ஓடிப்போகும் வண்டிகளால் பாதிக்கப்பட்டவர்களுக்காகத் தனி அறிக்கை (51ஆவது) கொடுத்தது. கிருஷ்ணய்யர் அப்போது ஆணையத்தின் உறுப்பினர்.

5. டெல்லியிலிருந்து வந்த மறுப்பு

ஆனால் 1977 ஜனவரி 28 அன்று உச்ச நீதிமன்றம் கதவை அடைத்தது. கவனக்குறைவை நிரூபிக்காமல் ஈடு கேட்க முடியாது, கட்டாய இன்ஷூரன்ஸ் இருக்கிறது என்பதற்காகப் பொறுப்பு தானாக வந்துவிடாது என்பது அந்தத் தீர்ப்பு. எழுதியவர் நீதியரசர் பி.எஸ்.கைலாசம் அவர்கள், அவரும் தமிழர், சென்னை உயர் நீதிமன்றத்தின் தலைமை நீதிபதியாக இருந்தவர். அதே ஆண்டில்தான் எங்கள் மனுவும் தள்ளுபடியானது. "டெல்லியிலேயே சொல்லிட்டாங்க, இனி எர்ணாகுளம் போய் அப்பீல் பண்ணியும் பிரயோஜனமில்லை" என்று வக்கீல் கையை விரித்தார்.

கைலாசம் அவர்களை இரக்கமற்றவர் என்று நான் சொல்ல மாட்டேன். சட்டத்தில் இல்லாததை நீதிபதி எழுதிச் சேர்க்கக் கூடாது என்பது அவர் நிலை. 1979இல் அவர் இருந்த அமர்வே, கிருஷ்ணய்யரின் 1971ஆம் ஆண்டுச் சொற்களை நினைவுகூர்ந்தது. தவறை நிரூபிக்காமலே குடும்பத்துக்கு மாதம் 250 முதல் 300 ரூபாய் வரை கிடைக்கும்படி சமூக இன்ஷூரன்ஸ் வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் 1976 டிசம்பரில் சொன்ன யோசனையையும் எடுத்துக்காட்டியது. இவையெல்லாம் நல்ல யோசனைகள்தான், ஆனால் சட்டமன்றம்தான் செய்ய வேண்டும் என்றது.

கிருஷ்ணய்யரோ உச்ச நீதிமன்றத்திலும் விடவில்லை. 1979இல் ஹரியானா அரசு பஸ் மோதி இறந்தவரின் மனைவியும் மகளும் கோர்ட் பீஸ் கட்ட வழியில்லாமல் நின்றபோது, அந்தப் பீசுக்காக உச்ச நீதிமன்றம் வரை வந்த அரசைக் கடிந்தார். 1980இல் தமிழ்நாட்டிலிருந்து ஒரு வழக்கு. இருட்டிய பிறகு ஓடிய தனியார் பஸ் தாழத் தொங்கிய உயர் அழுத்த மின்கம்பியில் பட்டு எட்டுப் பேர் இறந்தார்கள். தெய்வச் செயல் என்று கிரிமினல் கோர்ட் டிரைவரை விட்டுவிட்டது. அதனால் ஈட்டுத் தொகையும் இல்லை என்று ஆகாது என்றார் கிருஷ்ணய்யர். தீர்ப்பாயங்கள் நுணுக்கங்களைப் பிடித்துக்கொண்டு தொங்கக் கூடாது என்றும், வழக்குகளைச் சீக்கிரம் முடிக்க வேண்டும் என்றும் வலியுறுத்தினார்.

6. 1982 அக்டோபர் 1

கடைசியில் நாடாளுமன்றமே செய்தது. 1982ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி 92ஏ என்ற பிரிவு அக்டோபர் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. வாகன விபத்தில் மரணம் என்றால் 15,000 ரூபாய், நிரந்தர ஊனம் என்றால் 7,500 ரூபாய். யார் தவறு என்ற கேள்வியே இல்லை. கோர்ட்டில் நாங்கள் 'நோ ஃபால்ட்' என்போம். தமிழில் 'தவறு பாராப் பொறுப்பு' என்று சொல்லலாம் என்று நினைக்கிறேன். கூடுதலாக வேண்டுமானால் தவறை நிரூபித்துத் தனியாகக் கேட்கலாம். ஆனால் இந்தத் தொகை முதலில் கைக்கு வந்துவிட வேண்டும்.

அந்தப் பிரிவில் ஒரு வரி என்னைப் பிடித்து நிறுத்தியது. இறந்தவரிடமே தவறு இருந்தாலும் ஈட்டுத் தொகையை மறுக்கக் கூடாது, குறைக்கவும் கூடாது என்பது அந்த வரி. அன்று ராத்திரி வீட்டுக்குப் போய் அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன்.

"முன்ன செத்தவங்களுக்கும் உண்டா?" என்று கேட்டாள்.

"இல்லம்மா. இனிமேல் நடக்கிறதுக்குத்தான்."

கொஞ்ச நேரம் சும்மா இருந்தாள். பிறகு, "இனி செத்தவன் மேல பழி போட மாட்டாங்க, இல்லியா?" என்றாள். ஆமாம் என்றேன்.

இந்தச் சட்டம் எவ்வளவு தூரம் செல்லும் என்று காட்டிய வழக்கு மகாராஷ்டிரத்தில் நடந்தது. சட்டம் வந்து ஒரு மாதம் முடிவதற்குள், 1982 அக்டோபர் 29 அதிகாலையில், ஒரு பெட்ரோல் டேங்கர் லாரி மோதிக் கவிழ்ந்தது. ஒழுகிய பெட்ரோலைப் பிடிக்கப் பக்கத்துக் கிராமத்தார் கூடினார்கள். சில மணி நேரம் கழித்து டேங்கர் வெடித்துப் பலர் இறந்தார்கள். வண்டி ஓடவே இல்லையே, அவர்களாகத்தானே போனார்கள் என்று எதிர்த்தரப்பு வாதாடியது. வாகனத்தின் பயன்பாட்டிலிருந்து எழுந்த விபத்துதான் இது, 92ஏ பொருந்தும் என்று 1991இல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

7. தொகையின் கதை

1988ஆம் ஆண்டுப் புதிய சட்டம் 1989 ஜூலை 1 முதல் வந்தது. மரணத்துக்கான தொகை 25,000 ஆனது (பிரிவு 140). 1994 நவம்பரில் 50,000 ஆனது. அந்த 1994ஆம் ஆண்டுத் திருத்தம் 163ஏ என்ற இன்னொரு பிரிவையும் தந்தது. வயதையும் வருமானத்தையும் வைத்து ஓர் அட்டவணை. பார்த்துக் கூட்டிப் பெருக்கிக் கொடுத்துவிட வேண்டியதுதான். தவறை நிரூபிக்க வேண்டாம்.

கேட்க நன்றாக இருந்தது. ஆனால் அட்டவணையில் ஆண்டு வருமானத்தின் உச்சம் 40,000 ரூபாய். அதற்கு மேல் சம்பாதித்தவர் குடும்பம் இந்தப் பிரிவில் வர முடியாது என்று 2004இல் உச்ச நீதிமன்றம் தீர்த்துச் சொன்னது. வருமானமே இல்லாதவருக்கு ஆண்டுக்கு 15,000 என்று வைத்துக்கொள்ள வேண்டும். நாளொன்றுக்கு 41 ரூபாய்! வீட்டு வேலை பார்க்கும் மனைவியின் மதிப்பு, கணவன் வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கு. விலைவாசிக்கு ஏற்ப அட்டவணையை மாற்ற மத்திய அரசுக்கு அதிகாரம் இருந்தும், 24 ஆண்டுகள் யாரும் அதைத் தொடவில்லை. இல்லத்தரசியின் உழைப்பை இப்படி மதிப்பதை 2010இல் உச்ச நீதிமன்றம் குறை கூறியது. அட்டவணையைத் திருத்தச் சொல்லி 2013இல் உத்தரவிட்டது. அந்த 24 ஆண்டுகளில் இந்த அட்டவணையை வைத்து நான் கூட்டிப் போட்ட கணக்குகள் ஏராளம். ஒவ்வொரு முறையும் கூச்சமாகத்தான் இருக்கும்.

2018 மே மாதம் அட்டவணை மாறியது. மரணத்துக்கு 5 லட்சம்; 2019 ஜனவரி 1 முதல் ஆண்டுதோறும் 5 சதவீதம் உயரும். பரவாயில்லையே என்று நினைத்தோம். பிறகு 2019ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் 140, 163ஏ இரண்டையும் நீக்கி, 164 என்ற ஒரே பிரிவை வைத்தது. 2022 ஏப்ரல் 1 முதல் அதுதான் நடைமுறை. மரணத்துக்கு 5 லட்சம், கொடுங்காயத்துக்கு இரண்டரை லட்சம். ஆண்டுக்கு 5 சதவீதம் என்ற வாசகம் அந்தப் பிரிவில் இல்லை. அதற்குள் நாலு தடவை உயர்ந்து 6 லட்சத்தைத் தொட்டிருக்க வேண்டிய தொகை, மறுபடி 5 லட்சத்துக்கு இறங்கிவிட்டது.

என் கருத்தை இங்கே பணிவோடு சொல்கிறேன். தவறைப் பார்க்காமல் கொடுப்பது என்பது பாதி நியாயம்தான். கொடுக்கும் தொகை விலைவாசியோடு கூடவே நடந்தால்தான் மீதிப் பாதி. தொகையை உறைய வைத்துவிட்டு, "கூடுதல் வேண்டுமானால் தவறை நிரூபித்து வாங்கிக்கொள்" என்றால், பழைய பூட்டையே வேறு கதவில் மாட்டியதாகத்தான் பொருள்.

8. நம் வீடுகளுக்குச் சில வார்த்தைகள்

வேலை பார்த்தவன் என்ற முறையில் சில விஷயங்களைச் சொல்லி முடிக்கிறேன். இடித்த வண்டி எது என்றே தெரியாவிட்டாலும் குடும்பத்துக்கு ஈடு உண்டு. 1982இல் 5,000 ரூபாயாகத் தொடங்கிய அந்தத் தொகை 2022 ஏப்ரலிலிருந்து 2 லட்சம். பலருக்கு இது தெரிவதே இல்லை. கோயம்புத்தூர் எலும்பு முறிவு மருத்துவர் எஸ்.ராஜசேகரன் அவர்கள் சாலைப் பாதுகாப்புக்காகத் தொடுத்த பொதுநல வழக்கில், இந்தத் திட்டத்தைப் பாதிக்கப்பட்டவர்களுக்குப் போலீசாரே தெரிவிக்க வேண்டும் என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது.

இரண்டாவது, இழப்பீட்டு மனுவுக்கு ஆறு மாத வரம்பு 2022இலிருந்து மறுபடி வந்திருக்கிறது. அது உச்ச நீதிமன்றத்தில் கேள்விக்கு உள்ளாகியிருக்கிறது என்றாலும், பதினாறு முடிந்து பார்த்துக்கொள்ளலாம், வருஷத் திதி கழியட்டும் என்று தள்ளிப்போட வேண்டாம். எப்.ஐ.ஆர். நகல், போஸ்ட்மார்ட்டம் சர்டிபிகேட், வாரிசுச் சான்று, வண்டியின் ஆர்.சி., பாலிசி நகல் ஆகியவற்றை வாங்கி ஒரே கவரில் வையுங்கள்.

மூன்றாவதுதான் அதிகம் ஏமாறும் இடம். சொந்த ஸ்கூட்டரில் தானே போய் விழுந்து இறந்தவர், தன் வண்டியின் பாலிசிக்கு 'மூன்றாம் நபர்' அல்ல. அவர் குடும்பத்தைக் காப்பது உரிமையாளருக்கான தனிநபர் விபத்து இன்ஷூரன்ஸ் மட்டுமே. 2018இலிருந்து அது 15 லட்சம். வருஷா வருஷம் பாலிசி புதுப்பிக்கும்போது அது சேர்ந்திருக்கிறதா என்று கேட்டு வாங்குங்கள்.

அம்மா 2003இல் காலமானாள். அவள் டிரங்குப் பெட்டியில் பழைய புடவைகளுக்கு அடியில் 1977ஆம் ஆண்டுத் தீர்ப்பின் நகல் இருந்தது. அவளுக்கு இங்கிலீஷ் படிக்கத் தெரியாது. கூடவே, 1982இல் நான் அவளுக்குத் தமிழில் எழுதிக் கொடுத்த அந்த ஒரு வரியும், நாலாக மடித்து, அதே நகலுக்குள் இருந்தது.